மா அப்பிய கை

டொரொன்டோ திரையரங்கில் பழைய ஜோர்ஜியப் படம். மா குழைத்துக்கொண்டிருந்த ஒரு பெண் புறங்கையால் நெற்றியைத் துடைத்தாள். முகத்தைப் பார்க்க நான் முன்னுக்குச் சாய்ந்தேன்.

அந்தப் படத்தை எழுதி இயக்கியவர், பிறகு கனடா வந்து டோர்செட் பார்க்கில் எங்கள் பக்கத்து வீட்டுக்காரராக இருந்தவர். இங்கே படமெடுக்க வழியில்லாமல் தமிழர் கொண்டாட்டங்களுக்கு வீடியோ எடுத்தார். நான் பெரியபிள்ளையானதற்குச் செய்த சாமத்தியவீட்டன்று, குசினியில் பலகாரத்துக்கு மா குழைத்த அம்மாவையே எடுத்துக்கொண்டு நின்றார்.

"டைரக்டராம்! வந்த சனம் ஒருத்தரையும் காணேல்லை. உவன் உம்மையெல்லோ எடுத்து வைச்சிருக்கிறான்!" கசெற்றைப் போட்டுப் பார்த்த அப்பா கத்தினார்.

"என்னை ஆர் பாக்கப்போகினம்? அழிச்சுவிடுங்கோ." அம்மா சிரித்தார்.

அப்பா அந்தக் கசெற்றில் கிரிக்கெட் மச்சைப் பதிந்தார்.

அம்மா செத்தபிறகு அந்த மச்சைத்தான் அடிக்கடி போடுவார். ஆட்டம் முடிந்ததும், அழியாமல் மிஞ்சிய துண்டில் மா அப்பிய கையொன்று நெற்றிக்குப் போகும். முகம் தெரியுமுன் நாடா தீர்ந்துவிடும்.

திரையில் அந்தப் பெண் கையை இறக்கினாள். முகம் தெரிந்தது. அம்மா இல்லை.