புருல் எஜேயின் பன்னிரண்டு இடங்கள்

எங்கள் கட்டடத்துக்கு ஐந்து மாடி. லிஃப்ட் கிடையாது. உச்சி மாடிக்காரர்கள் உருளைக்கிழங்கு மூட்டையோடு ஏறும்போது மூன்றாவது மாடித் திருப்பத்தில் நின்று, இதைக் கட்டியவனைத் திட்டுவார்கள். புருல் திட்டியதில்லை. இருபத்தாறு வருடம் பிஷ்கெக்கில், தலைக்கு மேல் மின்கம்பியைப் பிடித்து ஓடும் டிராலிபஸ் ஓட்டியவள். வேலை முடிந்து கால் மரத்துப்போய் வந்தாலும் எழுபத்திரண்டு படியையும் நிற்காமல் ஏறுவாள். வயது வித்தியாசம் பாராமல் எங்கள் படிக்கட்டில் எல்லோருக்கும் அவள் எஜே, அக்கா.

இரண்டு குளிர்காலங்களுக்கு முன் ரொட்டி வாங்கப் போனவள் தெருவோர வாய்க்காலில் உறைபனி வழுக்கி விழுந்தாள். இடுப்பெலும்பு முறிந்தது. தகடு வைத்து அனுப்பினார்கள். சமையலறையிலிருந்து பால்கனி வரை கைத்தடியோடு நடக்கலாம். படி இறங்க முடியாது.

ஒரு முறை இறக்கிப் பார்த்தோம். அவள் நாத்தனார் இறந்த நாற்பதாம் நாள் சடங்குக்காக. இரண்டாவது மாடி மெதெரும் நானும் நாற்காலியோடு தூக்கினோம். மெதெர் டாக்சி ஓட்டுகிறவன், பருத்த உடம்பு. மூன்றாவது மாடியில் அவனுக்கு மூச்சு வாங்கியது. நாற்காலியைத் திருப்பத்தில் வைத்துவிட்டுச் சிகரெட் பற்றவைத்தான். மேலே போகிறவர்களும் கீழே வருகிறவர்களும் அவளை ஒட்டி உரசிக்கொண்டு போனார்கள். ஒருத்தி நின்று உடம்பை விசாரித்தாள். ஒரு நாய் மடியை முகர்ந்தது. புருல் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

திரும்ப மேலே ஏற்றியபின் சொன்னாள்: "இனிமே என்னை இறக்கறதா இருந்தா துணி சுத்தித்தான் இறக்கணும்."

அதன்பின் அவள் இறங்கவில்லை.

மகன் ரஷ்யாவில் லாரி ஓட்டுகிறான். மருமகள் வெனெரா ஒரு தங்கும் விடுதியின் வரவேற்பு மேசையில் இருக்கிறாள். அங்கே வருகிறவர்கள் வழிகாட்டி யாரும் இல்லாமல் கைபேசியைப் பார்த்துக்கொண்டே ஊர் சுற்றுவதைக் கண்டு வந்து சொன்னாள். புதையல் வேட்டை மாதிரி ஒரு செயலி. அது ஒரு புதிர் கொடுக்கும். புதிர் சொல்லும் இடத்தைக் கண்டுபிடித்துப் போய், அங்கே எதையாவது எண்ணியோ படித்தோ பதில் தட்டினால் அடுத்த புதிர் வரும். கடிகாரம் ஓடிக்கொண்டே இருக்கும். சீக்கிரம் முடித்தவர்கள் பட்டியலில் மேலே ஏறுவார்கள். புதிர்களை யார் வேண்டுமானாலும் எழுதி அனுப்பலாம்.

புருல் மூன்று நாளில் பன்னிரண்டு இடங்களுக்கு எழுதினாள். எல்லாம் அவளுடைய பழைய டிராலி பாதையில். செயலிக்காரர்கள் எந்த நாட்டில் இருக்கிறார்கள் என்று வெனெராவுக்கும் தெரியாது. ஏற்றுக்கொண்டார்கள்.

புதிர் எழுதியவருக்கு ஒரு சலுகை உண்டு. யாராவது அந்தப் பாதையில் ஆடும்போது அவர்கள் நகர்வதைத் தன் கைபேசியில் பார்க்கலாம். வரைபடத்தில் ஒரு நீலப் புள்ளி. புருல் சமையலறை மேசையில் கைபேசியைச் சாய்த்துவைத்துக்கொண்டு புள்ளியோடு போவாள். நான் ரொட்டி கொண்டுபோய்க் கொடுக்கும்போது பல தடவை பார்த்திருக்கிறேன். "திரும்பு, திரும்பு, அங்க எதுக்குப் போற" என்பாள். புள்ளி சரியான முனையில் திரும்பினால் தேநீரை உறிஞ்சுவாள். ஆட்டம் இல்லாத நாட்களில் மேசையைத் துடைத்த இடத்தையே துடைத்துக்கொண்டிருப்பாள்.

எட்டு மாதம் இப்படி ஓடியது. பிறகு புகார்கள் வர ஆரம்பித்தன. மூன்றாவது புதிரில் சோவியத் தெரு என்று எழுதியிருந்தாள். அந்தப் பெயரைப் பலகையிலிருந்து எடுத்து எவ்வளவோ காலமாகிறது. நாங்கள் இன்னும் அப்படித்தான் சொல்கிறோம். ஆறாவதில், ரொட்டிக்கடைக்கு எதிரே நில் என்று இருந்தது. ரொட்டிக்கடை போய் மருந்துக்கடை வந்து, அதுவும் போய் இப்போது கைபேசி விற்கிறார்கள். எங்களில் யாரைக் கேட்டாலும் இன்றைக்கும் ரொட்டிக்கடை என்றுதான் வழி சொல்வோம். வெளியூர்க்காரன் என்ன செய்வான்? ஒரு ஜெர்மன்காரன் நாற்பது நிமிடம் ரொட்டி தேடியிருக்கிறான்.

செயலியிலிருந்து கடிதம் வந்தது. எழுதியவர் தன் கைபேசியோடு பன்னிரண்டு இடங்களுக்கும் நடந்துபோய்ச் சரிபார்க்க வேண்டும். கடைசி இடத்தில் தன் முகத்தைப் படம் எடுத்து அனுப்ப வேண்டும். ஏழு நாள் கெடு. தவறினால் பாதை நீக்கப்படும்.

புருல் மெதெரைக் கூப்பிட்டனுப்பினாள். நானும் போனேன்.

"நீ என் போனை எடுத்துக்கிட்டு நடக்கணும். கார்ல போகக் கூடாது. வேகமாப் போனா அதுக்குத் தெரிஞ்சிடும்."

"நடக்கறதா? எஜே, நான் வீட்டுக்கும் காருக்கும் நடுவுலதான் நடப்பேன்."

"தெரியுது. தொப்பை சொல்லுது."

"நாற்காலியோட உங்களயே தூக்கிட்டுப் போயிடறேன். இந்தத் தடவை சிகரெட் பிடிக்கல."

"செத்தாலும் உன் கையில வரமாட்டேன். போனை மட்டும் எடுத்துட்டுப் போ."

மறுநாள் காலை மெதெர் கிளம்பினான். புருலின் கைபேசி அவன் சட்டைப்பையில். அவனுடைய கைபேசி காதில். வெனெராவின் கைபேசியில் புருல்; மாற்ற வேண்டியதைச் செயலியில் எழுதுவதும் அதிலேயே. சத்தமாக வைத்திருந்ததால் எனக்கும் கேட்டது.

முதல் மூன்று இடங்களில் சிக்கல் இல்லை. தெருப்பெயரை மாற்றினாள். நாலாவதில் அவன் நின்றான்.

"எஜே, ஓக் மரம் எங்க?"

"சந்து முனையில. ரெண்டு பேர் கைகோத்தாத்தான் கட்டிப்பிடிக்க முடியும். அதுகூடவா கண்ணுல படல?"

"முனையில கம்பம்தான் இருக்கு. மேல விளம்பரம். பல் டாக்டர் சிரிக்கிறான்."

"நீ வேற முனையில நிக்கற."

"நான் டாக்சி ஓட்டறவன் எஜே."

"அதத்தான் சொல்றேன். மேப் இல்லன்னா உனக்கு மூக்கு எங்க இருக்குன்னே தெரியாது."

"டிராலி ஓட்டினவங்களுக்குக் கம்பி போற பக்கம்தான் ஊரு." செருப்புத் தேயும் சத்தம் கேட்டது. "எஜே, அடிமரம் இருக்கு. வெட்டிட்டாங்க. ரோட்டை அகலப்படுத்தியிருக்காங்க."

அழைப்பை நிறுத்த நான் கைபேசியை எடுக்கப் போனேன். புருல் என் கையைத் தட்டிவிட்டாள்.

"எவ்வளவு அகலம்?"

"என்னது?"

"அடிமரம். உன் செருப்பால அள."

"நாலு செருப்பு."

"அதேதான். வளையம் எத்தனைன்னு எண்ணு. அதையே கேள்வியா வெச்சுடலாம்."

"எவன் எஜே உக்காந்து எண்ணுவான்? கடிகாரம் ஓடுது அவனுக்கு."

"எண்ணு."

அவன் முக்கி முனகிக் குந்துவது கேட்டது. எண்ண ஆரம்பித்தான். முப்பதில் விட்டு மறுபடி ஆரம்பித்தான். "போற பொம்பளை காசு ஏதும் விழுந்துடுச்சான்னு கேக்கறா." அறுபத்திரண்டில் மரம் கறுத்துப்போய்த் தெரியவில்லை என்றான்.

புருல் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தாள். "சரி, அந்தப் பல் டாக்டருக்கு எத்தனை பல் தெரியுது?"

"பதினாறு."

"அதப் போட்டுடறேன்."

அன்று மதியம் வரை இப்படியே போனது. மெதெர் கண்ணில் பட்டதைச் சொன்னான், அவள் எழுதினாள். ரொட்டிக்கடை கைபேசிக்கடை ஆனது. பூங்காவின் நீரூற்று, மூடிய நீரூற்று ஆனது. ஒன்பதாவது இடத்தில் அவன் சம்சா தின்ன உட்கார்ந்துவிட்டான். புருல் பத்து நிமிடம் அவன் மெல்லுவதைக் கேட்டுக்கொண்டிருந்தாள். "வெங்காயம் ஜாஸ்தியா?" என்று மட்டும் ஒரு தடவை கேட்டாள்.

பன்னிரண்டாவது இடம் டிராலி டிப்போ.

"வேலி போட்டிருக்காங்க. காவலாளி உள்ள விடமாட்டேங்கறான்."

"புருல் அனுப்பினான்னு சொல்லு."

கொஞ்ச நேரம் காற்றின் சத்தம்.

"எந்த புருல்னு கேக்கறான்."

அவள் உதட்டைக் கடித்தாள்.

"எஜே, போன் முகம் கேக்குது. என் முகத்தைக் காட்டட்டுமா?"

"உன் முகத்தப் பாத்தா பாதைய மட்டுமில்ல, ஊரையே நீக்கிடுவாங்க. வீட்டுக்கு வா."

அவன் வந்து ஐந்து மாடி ஏறி, நாற்காலியில் விழுந்து தண்ணீர் கேட்டான். புருல் தன் கைபேசியை வாங்கிக்கொண்டு வெகுநேரம் வரைபடத்தைப் பார்த்தாள். பிறகு கடைசி இடத்தை விரலால் நகர்த்தினாள். டிப்போவிலிருந்து எங்கள் முற்றத்துக்கு.

சமையலறையில் நின்றபோது, இடத்துக்கு இன்னும் பன்னிரண்டு மீட்டர் இருக்கிறது என்றது செயலி. கைத்தடியை எடுத்துக்கொண்டு பால்கனிக்குப் போனாள். ஏழு மீட்டர். கண்ணாடி ஜன்னலைத் திறந்து கையை வெளியே நீட்டினாள். பச்சை விளக்கு. அந்தச் செயலிக்கு மாடி தெரியாது. அதன் கணக்கில் அவள் முற்றத்தில் நின்றுகொண்டிருந்தாள்.

தலைத்துணியைச் சரிசெய்துகொண்டு படம் எடுத்தாள். இரண்டு நிமிடத்தில் பதில் வந்தது: நேரில் சென்று சரிபார்த்ததற்கு நன்றி.

மெதெர் சிரித்துச் சிரித்து இருமினான். "எஜே, நீங்க வெளிய போயிட்டு வந்துட்டீங்க!"

"முற்றத்துக்குக் கேள்வி என்ன?" என்று கேட்டேன்.

"அது என் பாடு. பதினாறு மாசமாப் பாக்கற இடம். அதுக்கு உங்க கண்ணு வேண்டாம்."

சனிக்கிழமை ஓஷ் நகரத்திலிருந்து வந்த இரண்டு பெண்கள் பாதை முழுக்க ஆடி எங்கள் முற்றத்துக்கு வந்தார்கள். நான் கராஜ் வாசலில் உருளைக்கிழங்கைப் பரப்பிக் காயவைத்துக்கொண்டிருந்தேன். முற்றத்தின் ஒரு பக்கம் முழுக்க இரும்புத் தகடு கராஜ்கள், ஒன்பது, ஒன்றோடொன்று ஒட்டி.

நெட்டையான பெண் கைபேசியைப் பார்த்துப் படித்தாள்: "இரும்பு வீடுகளின் தலை காற்றில் பறக்காமல் இருக்க எத்தனை டயர்கள் காவல் இருக்கின்றன?"

இருவரும் கராஜ்களைச் சுற்றி வந்தார்கள். பின்பக்கச் சந்தில் புகுந்து நெருஞ்சி ஒட்டிய காலோடு வெளியே வந்தார்கள். கராஜ்களின் முன்பக்கம் உயரம், கூரை பின்னால் சரிகிறது. தரையில் நிற்கிறவனுக்குக் கூரை தெரியவே தெரியாது.

"பைகே, அண்ணே, இங்க டயர் எங்க இருக்கு?" என்று குட்டைப் பெண் என்னைக் கேட்டாள்.

"கார்லதான்" என்றேன். கேள்வி எனக்கு அப்போதுதான் உறைத்தது: கூரைத் தகடு பறக்காமல் மேலே போட்டிருக்கும் பழைய டயர்கள்.

"ஏழு நிமிஷம் போச்சு. நம்மளக் கீழ தள்ளிடுவாங்க."

"ஏறிப் பாரேன்."

"இந்தப் பாவாடையோடயா?"

நெட்டைப் பெண் கைபேசியை உதறினாள். "இத எழுதினவ தரையில நடக்கறவளா, இல்ல காக்காயாடி?"

"காக்காயாத்தான் இருக்கும். ரெக்கை இருக்கறவளுக்கு என்ன கவலை?"

நான் மேலே பார்த்தேன். ஐந்தாவது மாடி பால்கனி ஜன்னல் திறந்திருந்தது. புருல் இரண்டு முழங்கைகளையும் ஊன்றி நின்றாள். முற்றத்தில் பேசுவது எங்கள் கட்டடத்தில் மேலே நன்றாகவே கேட்கும்.

அவள் கண்கள் கூரைகள்மேல் ஒரு தடவை ஓடின. பிறகு அந்தப் பெண்கள்மேல்.

"பதினொண்ணு!" என்று கத்தினாள்.

இரண்டு பெண்களும் இடமும் வலமும் பார்த்தார்கள். என்னைப் பார்த்தார்கள். கடைசியாக மேலே பார்த்தார்கள்.

"பதினொண்ணு! போடுங்க! போட்டுட்டு மேல வாங்க, டீ கொதிக்குது! எண்ணெயில பொரிச்ச போர்சோக் இருக்கு!"

குட்டைப் பெண் பதிலைத் தட்டினாள். கைபேசி மணியடித்தது.

"வரமுடியாது எஜே! மூணு மணிக்கு இன்னொரு பாதை ஆரம்பிக்கணும்!"

"அஞ்சு நிமிஷம்தான்!"

"அடுத்த தடவை எஜே!"

கையாட்டிவிட்டு வளைவைத் தாண்டி ஓடினார்கள்.

நான் உருளைக்கிழங்கை மூடிவிட்டு மேலே போனேன். மேசையில் மூன்று தேநீர்க் கிண்ணங்கள் இருந்தன. புருல் கைபேசியை என் பக்கம் தள்ளினாள். ஐந்துக்கு நாலு நட்சத்திரம். கீழே எழுதியிருந்தது: கடைசி இடத்தில் மாடியிலிருந்து யாரோ ஒரு பெண்மணி விடையைக் கத்துகிறார், ஆட்டத்தின் சுவை போய்விடுகிறது. அதற்குக் கீழே செயலிக்காரர்களின் குறிப்பு: இந்த இடையூறை மூன்று நாட்களில் சரிசெய்யவும், இல்லையென்றால் இடம் நீக்கப்படும்.

"கராஜ் கதவுல நம்பர் இருக்குல்ல?" என்று கேட்டாள்.

"இருக்கு."

"கீழ நின்னா தெரியுமா?"

"நல்லாத் தெரியும்."

"உன்னோடது என்ன?"

"நாற்பத்தொண்ணு. வீட்டு நம்பரேதான்."

கேள்வியை மாற்றி எழுதினாள். வார்த்தை வார்த்தையாக, ஒரு விரலால். பிறகு குறிப்புக்குப் போனாள். அங்கே இரண்டு கட்டங்கள் இருந்தன. 'இடத்தை நீக்கு', 'இடையூறு சரிசெய்யப்பட்டது'. இரண்டாவதைத் தொட்டாள்.

"பால்கனி ஜன்னலைச் சாத்திடு" என்றாள்.

சாத்தினேன்.

"கொக்கியும் போடு."