பாதி தேய்த்த சட்டை

சாப்பாட்டு மேசையின் மேல் ஒரு பழைய போர்வையை நாலாக மடித்துப் போட்டு, அதன் மேல் நீலக் கோடு போட்ட சட்டையை விரித்து, ஓசி வக்கீலம்மா காலரில் ஆரம்பிக்கிறார். காலர், தோள், நெஞ்சு, முழங்கை வரைக்கும் கை. மூன்றாவது பொத்தானுக்குக் கீழே இஸ்திரிப் பெட்டி இறங்காது. அதற்கு அப்பால் உள்ள துணி கசங்கினது கசங்கினபடியே கிடக்கும்.

"அதென்ன, பாதிச் சட்டைக்கு மட்டும் மரியாதை?" என்று கணவர் டீயை ஆற்றிக்கொண்டே கேட்கிறார். பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவர். எதையும் பாதியில் விட்டால் அவருக்குப் பொறுக்காது.

"கூண்டுக்குக் கீழ யாருங்க பாக்கப் போறா? மேல தெரியறது நல்லா இருந்தாப் போதும்."

"அது என் சட்டை மாதிரி இருக்கே."

"இருந்தது."

ஜெயிலிலிருந்து கோர்ட்டுக்கு வருகிறவன், பிடிபட்ட அன்று போட்டிருந்த துணியோடுதான் பெரும்பாலும் வருவான். கசங்கிய துணியைப் பார்க்கிறவர்களுக்கு ஆளும் கசங்கினவனாகத்தான் தெரிவான் என்பது வக்கீலம்மாவின் கட்சி. அவருடைய ஆபீஸ் அறையில் சட்டப் புத்தகங்கள் இருக்க வேண்டிய இரும்பு பீரோவில் சட்டைகள் தொங்குகின்றன. ஒல்லிக்கு ஒரு பக்கம், பருமனுக்கு ஒரு பக்கம். முக்கால்வாசி கணவருடையவை. ஒருமுறை விடுதலையான ஒருவன் அதே சட்டையோடு போய் அடுத்த தெருவில் கைவரிசையைக் காட்ட, காலைப் பத்திரிகையில் கணவர் தன் பச்சைக் கட்டம் போட்ட சட்டையைக் கண்டுபிடித்தார். "என் சட்டைங்க வாங்கின தண்டனையெல்லாம் கூட்டிப் பாத்தா நூறு வருஷம் தேறும். நான் இன்னும் ஒரு ஊசி கூடத் திருடல" என்பார் வருகிறவர் போகிறவரிடமெல்லாம். சொல்லிவிட்டு, அடுத்த சட்டையின் அறுந்த பொத்தானைத் தைத்துக்கொடுப்பதும் அவர்தான்.

குற்றம் சாட்டப்பட்டு, வக்கீல் வைக்க வசதியில்லாதவர்களுக்கு அரசாங்கமே ஒரு வக்கீலை அமர்த்தித் தரும். அந்த வேலைதான் இவருக்கு. தலை நரைக்கும் வரை வேறு வேலைக்குப் போகவில்லை. 'ஓசி வக்கீல்' என்ற பெயரை வைத்தவர்கள் ஜெயிலுக்குள் இருப்பவர்கள். புதிதாக வருகிறவன் முதல் சந்திப்பில் முகத்தைச் சுளிப்பான். "ஓசி வக்கீல்னா சும்மா வந்து நிப்பாங்களாமே?"

"அப்படி யாரு சொன்னா? ஒரு கை பாத்துட்டுத்தான் தோத்துப்போவேன்" என்பார் இவர்.

தோற்பதும் உண்மைதான். அதிகம் தோற்பார். தோற்ற அன்று வீட்டில் பாத்திரங்கள் பளபளக்கும். மகள் போன் செய்து அம்மாவைக் கேட்டால், "சட்டி தேச்சிட்டிருக்கா, நாளைக்குப் பேசு" என்று அப்பா சொல்லிவிடுவார். மகளுக்கும் புரிந்துவிடும்.

ஆள் குள்ளம். நடை வேகம். கண்ணாடியை நெற்றிக்கு மேல் ஏற்றிக்கொண்டு கண்ணாடியைத் தேடுவார். கறுப்புக் கோட்டின் பைகளில் ஊக்கும் பொத்தானும் தொண்டை மிட்டாயும் கலந்து கிடக்கும். பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து, மறுநாள் சொல்ல வேண்டியதை உதடு அசையச் சொல்லிப் பார்ப்பார். பக்கத்து இருக்கைக்காரர்கள் நகர்ந்து உட்காருவார்கள்; அது அவருக்கு வசதி.

இத்தனை வருஷத்தில் அவர் மல்லுக்கு நிற்பது ஆட்களோடு அல்ல, ஒரு சட்டத்தோடு. கோர்ட்டில் அதை 'மூன்றாம் முறை' என்பார்கள். கட்டடத்துக்குள் புகுந்து திருடியதாக ஏற்கெனவே இரண்டு தடவை தண்டனை பெற்றவன் மூன்றாவது தடவையும் மாட்டினால், குறைந்தது எட்டு வருஷம். எடுத்தது தங்கமா தகரமா, கத்தியைக் காட்டினானா, ஆளில்லாத வீட்டில் நுழைந்தானா, எதுவும் கணக்கில் வராது. நீதிபதி கூட்டலாம், குறைக்க முடியாது. ஏதோ ஒரு வருஷம் ஊரில் வரிசையாகக் கொள்ளை நடந்து ஜனங்கள் கொதித்தபோது அவசர அவசரமாகப் போட்ட சட்டம். கொதிப்பு அடங்கிவிட்டது. சட்டம் அடங்கவில்லை.

அதை எதிர்க்க வக்கீலம்மா கையில் எடுத்தது ஒரே ஒரு கேள்வி. தண்டனையை வாசித்து முடித்ததும் எழுந்து நிற்பார். "கனம் நீதிபதி அவர்களே, இந்தச் சட்டம் தங்கள் கையைக் கட்டாமல் இருந்திருந்தால், இவருக்கு எவ்வளவு கொடுத்திருப்பீர்கள் என்பதைப் பதிவு செய்யுமாறு வேண்டுகிறேன்." கேட்டுவிட்டு உட்கார மாட்டார். பதில் வரவேண்டும், அல்லது அடுத்த வழக்கைக் கூப்பிட வேண்டும். அதுவரை நின்றபடியே இருப்பார்.

முதலில் சிரித்தார்கள். அப்புறம் எரிச்சல்பட்டார்கள். "மேடம், இது கோர்ட்டா, பட்டிமன்றமா?" என்று ஒருவர் கடிந்துகொண்டார். ஆனால் இளைய நீதிபதிகள் ஒவ்வொருவராக வாயைத் திறந்தார்கள். ஒன்றரை வருஷம் என்றார் ஒருவர். ஆறு மாதமே அதிகம் என்றார் இன்னொருவர். சொன்னது கோர்ட்டுப் பதிவில் ஏறியது. கேள்விக்குள் வேறொரு கணக்கும் உண்டு. என்றைக்காவது சட்டம் மாறினால், உள்ளே இருப்பவர்களின் வழக்கைத் திரும்ப எடுப்பார்கள். அன்றைக்கு, தண்டித்த நீதிபதியே சொல்லிவைத்த வார்த்தை பேசும். கிணற்றில் கிடப்பவனுக்கு முன்கூட்டியே இறக்கிவைக்கிற கயிறு அது.

அந்தப் பதிவுகளைச் சுமந்துகொண்டு சட்டமன்றக் குழுவின் முன்னால் போய் நின்றார். உறுப்பினர்கள் போனைத் தடவிக்கொண்டிருந்தார்கள். வக்கீலம்மா ஆளுக்கொரு துண்டுக் காகிதம் கொடுத்தார். "ஒரு ஆளப் பத்திச் சொல்றேன். சட்டத்த மறந்துட்டு, உங்களுக்கு நியாயம்னு படற தண்டனைய எழுதுங்க." வேலை போன ஒருவன், மூடிக்கிடந்த கடைக்குள் புகுந்து இரண்டு மூட்டை சிமென்ட் எடுத்த கதையைச் சொன்னார். எழுதினார்கள். ஒருவர் அபராதம் என்றார். மிகக் கறாரானவர் இரண்டு வருஷம் போட்டார்.

"சட்டம் குடுத்தது எட்டு" என்றார் வக்கீலம்மா.

"ஏமாத்திட்டீங்களே அம்மா!" என்றார் கறாரானவர்.

"ஏமாத்தல ஐயா. ஆளக் காட்டினேன், அவ்வளவுதான்."

எல்லோரும் சிரித்தார்கள். குழுத் தலைவர் மட்டும் சிரிக்கவில்லை. "இதுவரைக்கும் சொன்னவங்க எல்லாம் சின்ன வயசு நீதிபதிங்க. மூத்தவர் ஒருத்தர் வாயத் திறக்கட்டும். அப்ப நான் இத சபைக்குக் கொண்டுபோறேன்" என்றார்.

மூத்தவர் என்றால் ஒருவர்தான். வராந்தாவில் அவருக்குக் 'கல்லு' என்று பெயர். கை சுத்தம், வாய் சுத்தம். வக்கீலம்மாவின் கேள்விக்கு அவர் இத்தனை காலமும் கொடுத்த பதில் ஒரே சொல்: "அடுத்தது." ஒருமுறை படிக்கட்டில் எதிர்ப்பட்டபோது நின்று சொன்னார். "நீங்க கேக்கறது தப்பில்லம்மா. ஆனா சட்டத்துக்கு வெளிய நான் ஒரு வார்த்தை பேசமாட்டேன். பேச ஆரம்பிச்சா நிறுத்தத் தெரியாது." அன்று இரவு வீட்டில், "கல்லுன்னு சொல்லாதீங்க. பயந்த மனுஷன்" என்றார் கணவரிடம், ஏதோ கணவர்தான் பெயர் வைத்தது போல.

அந்த நீதிபதி முன்னால்தான் குழாய்க்காரரின் வழக்கு வந்தது.

குழாய்க்காரர் தண்ணீர்க் குழாய் மாட்டுகிறவர். வயசுக் கோளாறில் இரண்டு தடவை மாட்டிக்கொண்டவர். அப்புறம் கல்யாணம், குழந்தை, ஒழுங்கான வேலை. போன மழைக்காலத்தில் வேலை படுத்துவிட்டது. கட்டி முடியாத ஒரு வீட்டுக்குள் நுழைந்து, தானே மாட்டிய பித்தளைக் குழாய்களைத் தானே கழற்றினார். வாசலிலேயே பிடிபட்டார்.

வக்கீலம்மா அந்த வீட்டுச் சொந்தக்காரியைப் போய்ப் பார்த்தார். இதுவும் அவர் வழக்கம். திட்டு வாங்கவென்றே போவார், நிறைய வாங்கியும் இருக்கிறார். அந்த அம்மாளும் முதலில் பொரிந்து தள்ளினார். எட்டு வருஷம் என்றதும் நிறுத்தினார். "எட்டா? என் குழாய்க்கா? குழாய்தான் திரும்பக் கிடைச்சிடுச்சே!"

பிறகு அரசுத் தரப்பு வக்கீலை வராந்தாவில் மடக்கினார். இளைஞர், இவரைக் கண்டாலே வேறு வழியாகப் போகப் பார்ப்பவர்.

"தம்பி, அத்துமீறி நுழைஞ்சதுன்னு மட்டும் போடு. ஒரு வருஷம் உள்ள இருக்கட்டும். நான் வேண்டாம்னு சொல்லல."

"மேலிடத்துல விட மாட்டாங்க மேடம். நானா சட்டம் போட்டேன்?"

"நீ போடல, நீதிபதி போடல, நான் போடல. பின்ன யாருதான் போட்டது, பேயா?"

அவர் சிரித்தார். ஆனால் குற்றச்சாட்டை மாற்றவில்லை.

தண்டனை நாளன்று காலையில் நீலக் கோட்டுச் சட்டை கூண்டுக்கு வந்து சேர்ந்தது. குழாய்க்காரரின் மனைவியை வக்கீலம்மா முன்வரிசையில் உட்காரவைத்தார். மடியில் குழந்தை, ஒரு செருப்பை உதறிவிட்டு மற்றதை உதறிக்கொண்டிருந்தது. "அழாதம்மா. அழுதா வெளிய அனுப்பிடுவாங்க. நீதிபதி மொகத்தையே பாத்துட்டு உக்காரு. அவரு உன்னப் பாக்கணும்." பிறகு கூண்டருகே போய், குழாய்க்காரரின் காலரை நீவிவிட்டு, "வாயத் தெறக்கக் கூடாது. என்ன நடந்தாலும். புரிஞ்சுதா?" என்றார். அவர் தலையாட்டினார்.

நீதிபதி வாசித்தார். எட்டு வருஷம். குரலில் ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை. மனைவி அழவில்லை. பெஞ்சு கிளார்க் வழக்கப்படி அடுத்த வழக்கின் காகிதக் கட்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். வக்கீலம்மா எழுந்திருப்பார், கேட்பார், 'அடுத்தது' வரும் என்று அவருக்குத் தெரியும்.

வக்கீலம்மா எழுந்தார். கேட்டார். ஒரு சொல் கூட்டவில்லை, குறைக்கவில்லை. டைப் அடிக்கும் பெண் விரல்களை விசைமேல் வைத்தபடி காத்திருந்தாள்.

அந்தச் சமயத்தில்தான் கூண்டிலிருந்து குரல் வந்தது.

"அம்மா, விடுங்கம்மா. ஐயாவ எதுக்குத் தொல்ல பண்றீங்க? அவரு என்ன செய்வாரு, பாவம். அவரு கையில என்ன இருக்கு?"

வக்கீலம்மா திரும்பிப் பார்க்கவில்லை. பின்கழுத்து மட்டும் சிவந்தது. அரசுத் தரப்பு இளைஞர் தன் கட்டைப் புரட்டத் தொடங்கினார், அதில் ஏதோ தொலைந்துவிட்டது போல. தண்டிக்கப்பட்டவனே தண்டித்தவரைத் தேற்றுகிற காட்சி அந்த அறைக்குப் புதிது.

நீதிபதி, 'அடுத்தது' என்று சொல்லவில்லை.

காவலர்கள் குழாய்க்காரரைக் கூண்டிலிருந்து இறக்கினார்கள். இறங்கியதும் முழு ஆளும் தெரிந்தது. மேலே மொடமொடப்பாக நின்ற சட்டை, மூன்றாவது பொத்தானுக்குக் கீழே சுருங்கிச் சுருண்டு, ஒரு பக்கம் ஏறி, ஒரு பக்கம் இறங்கித் தொங்கியது. அவர் அதை ஒரு கையால் இழுத்து இழுத்துச் சரி செய்துகொண்டே குழந்தையைப் பார்த்துச் சிரித்தார். நீதிபதியின் பார்வை அந்தச் சட்டையின் ஓரத்தில் போய் நின்றது. குழாய்க்காரர் வாசலைத் தாண்டும் வரை அங்கேயே நின்றது.

"கேள்வி அப்படியே இருக்கிறது, கனம் நீதிபதி அவர்களே" என்றார் வக்கீலம்மா. குரல் உயரவில்லை.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். வாயைத் திறந்தார். டைப் அடிக்கும் பெண்ணின் விரல்கள் ஒரு நூல் தாழ்ந்தன. வாய் மூடிக்கொண்டது. மறுபடி கண்ணாடியை மாட்டிக்கொண்டார். பேனாவை மூட மறந்து, கிளார்க் நீட்டிய கட்டைப் பார்க்காமல் எழுந்தார். அறை முழுவதும் சடசடவென்று எழுந்தது. அவர் மேடையிலிருந்து இறங்கி, தன் அறைக் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனார்.

எல்லோரும் உட்கார்ந்தார்கள். கிளார்க், கையிலிருந்த கட்டை எங்கே வைப்பதென்று தெரியாமல், "மேடம், உக்காருங்க" என்றார்.

வக்கீலம்மா காலியான நாற்காலியைப் பார்த்தபடி நின்றுகொண்டிருந்தார்.