அவள் முகம், என் கால்கள்

போன வருடம், ஆண்டு இறுதிப் பள்ளி விடுமுறை. பினாங்கு ஜார்ஜ்டவுனில் பாடாங் கோத்தா கடற்கரைக்கு ஒரு காலை மகளோடு போயிருந்தேன். அங்கே தமிழ்த் தொலைக்காட்சி நாடகம் ஒன்றின் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தது. குடை நிழலில் உட்கார்ந்திருந்த நடிகையைப் பார்த்ததும், திரும்பிப் போய்விடலாமா என்றிருந்தது எனக்கு.

அவள் என் பள்ளித் தோழி. இருவருமே பினாங்குக்காக நானூறு மீட்டர் ஓடியவர்கள். நான் முதலில் வருவேன், அவள் எனக்குப் பின்னால். பயிற்சியில் ஒருநாள் முழங்கால் பிசகி அவளுக்கு ஜவ்வு கிழிந்தது. ஓட்டம் அத்தோடு முடிந்தது. அந்த நேரம் பார்த்து, காலில் அடிபட்ட ஓட்டக்காரியாக நடிக்க ஒரு பெண்ணைத் தேடிக்கொண்டு டிவி நாடகக்காரர்கள் வந்தார்கள். கைத்தடியோடு நடிக்கப் போனவள் அங்கேயே தங்கிவிட்டாள். கதாநாயகியாக, அண்ணியாக, இப்போது அம்மாவாக, இருபது வருடங்களுக்கு மேல் நடிக்கிறாள்.

நான் பாயான் லெப்பாஸில் ஒரு தொழிற்சாலையில் சூப்பர்வைசர். டிவியில் அவள் முகம் வந்தால் எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவேன். அந்தக் கால் எனக்குப் போயிருக்கக் கூடாதா என்றுகூட நினைத்ததுண்டு.

மகள் விடவில்லை, இழுத்துக்கொண்டு போனாள். தோழி என்னை உடனே அடையாளம் கண்டு பக்கத்தில் உட்கார வைத்தாள். அவளுக்கு அன்று சிக்கலான காட்சி. காணாமல் போன பிள்ளையைத் தேடி, தாய் கடலோரமாக ஓட வேண்டும். அவளுக்குப் பதிலாக ஓட வேண்டிய பெண் வரவில்லை.

“மெதுவா ஓடினா போதும்லா அக்கா” என்றார் இளம் இயக்குநர்.

“முடியாது தம்பி. இந்த முட்டியோட படி ஏறவே கஷ்டம்” என்றவள், சட்டென்று என்னைக் காட்டினாள். “இவ ஓடட்டும். என் உயரம்தான். முதுகு மட்டும்தானே தெரியணும்? நான் இவ முதுகைப் பார்த்தே ஓடினவ.”

எனக்குச் சுருக்கென்றது. முகம் அவளுக்கு, முதுகு எனக்கா? மறுக்கத்தான் வாயெடுத்தேன். மகள் முகத்தைப் பார்த்ததும் முடியவில்லை. தோழி உடுத்தியிருந்த அதே நிறப் பஞ்சாபி உடையை எனக்கும் போட்டுவிட்டார்கள்.

முதலில் மூச்சு முட்டியது. கொஞ்ச தூரம் போனதும் கால்கள் தாமாகவே நீள ஆரம்பித்தன. கடல் காற்று முகத்தில் அறைந்தது. ‘கட்’ சொன்னது காதில் விழாமல் ஓடிக்கொண்டே இருந்திருக்கிறேன். ஆள் அனுப்பித்தான் நிறுத்தினார்கள்.

மூச்சிரைக்கத் திரும்பி வந்தேன். தோழி சிரிக்கவில்லை.

“நீ ஓடுறதைப் பார்த்தா இன்னும் வயிறு எரியுதுடி” என்றாள்.

“நீ டிவில வந்தா நான் எழுந்து போயிடுவேன்” என்றேன்.

அப்போதுதான் சிரித்தாள். பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டாள்: “எனக்குக் கால் போச்சு, விட்டேன். உனக்கு என்ன ஆச்சுன்னு விட்டே?”

கல்யாணம், ஷிப்ட் வேலை, பிள்ளை என்று சொல்ல எத்தனையோ இருந்தன. உடையை மாற்றிக்கொண்டு மகளோடு கிளம்பிவிட்டேன்.

நாடகம் ஒளிபரப்பான மறுநாள் எங்கள் கேண்டீனில் அதே பேச்சு. “இந்த வயசுலயும் என்னா ஓட்டம் ஓடுறாங்க” என்று அவளைப் புகழ்ந்தார்கள். அது என் ஓட்டம் என்று சொல்ல நாக்கு துடித்தது. சொல்லவில்லை. தட்டை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டேன்.

அவள் மேல் இருந்த பொறாமை இன்னும் போகவில்லை. ஆனால் எனக்குக் கிடைக்காததை நினைத்து இத்தனை வருடம் எரிந்த நான், என்னிடம் இருந்த இரண்டு நல்ல கால்களைச் சும்மா வைத்திருந்தேனே என்பதுதான் அதைவிட அதிகமாகச் சுடுகிறது.