கிளாப் அடிக்காத படம்

உங்க அக்கா ஏன் அப்பா வேனில் முன்சீட்டில் உட்காருவதில்லை என்று சின்னவர்கள் நீங்கள் இரண்டு பேரும் கேட்கிறீர்கள். மறைக்காமல் எழுதிவிடுகிறேன்.

போன வருஷம் அக்கா பன்னிரண்டாவது முடித்த சமயம். காலேஜில் கம்ப்யூட்டர் படித்து நாவலூர் ஐ.டி. கம்பெனியில் வேலைக்குப் போகணும் என்றாள். "சேர்ந்துக்கோம்மா" என்று சொல்லியிருந்தேன்.

அப்போதுதான் ஒரு டைரக்டரம்மா பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தைப் படமெடுக்க என் வேனை வாடகைக்குப் பேசினார். நடிகர் கிடையாது, கதை கிடையாது. காமிராவைக் கோரைப்புல்லுக்கு எதிரே நிறுத்திவிட்டு அப்படியே விட்டுவிடுவார். மைக்கைத் தனியாக ஒரு மூலையில் நட்டு வைப்பார். நான் பல வருஷம் சினிமாக்காரர்களுக்கு வண்டி ஓட்டியவன். கிளாப் அடித்தால் வாயை மூடணும், கட் சொன்னால் பேசலாம், அவ்வளவுதான் எனக்குத் தெரிந்த சட்டம். இங்கே கிளாப்பே இல்லை. எதுவும் ஓடவில்லை என்று நினைத்து, மைக் பக்கத்திலேயே நின்று உங்கம்மாவோடு போனில் பேசினேன்.

பிறகு ஒருநாள் அவர் கேட்டார்: "அண்ணா, உங்க குரல் ஒரு இடத்துல வருது. வெச்சுக்கட்டுமா?"

அவருக்குப் பறவைகளின் பேரெல்லாம் சொல்லிக் கொடுத்திருந்தேனே, அதுதான் என்று நினைத்து, "தாராளமா வைங்க மேடம்" என்றேன். தாம்பரத்தில் ஒரு சர்ச் ஹாலில் படம் போட்டபோது, என் குரலைக் கேட்கட்டும் என்று அக்காவையும் கூட்டிக்கொண்டு போனேன்.

திரையில் பூநாரை ஒற்றைக்காலில் நிற்கிறது, காதில் லாரி ஹாரன். "சத்தத்தை மாத்திப் போட்டுட்டாங்கப்பா" என்று அக்கா சிரித்தாள். அடுத்து நாவலூர் கண்ணாடிக் கட்டடம் வந்தது. அதற்குத் தவளைச் சத்தம், கோரை உரசுகிற சத்தம். நடுவில் நான்.

"காலேஜெல்லாம் இவளுக்கு எதுக்குடி? பன்னெண்டாவதோட நிறுத்திடலாம். அவகிட்ட சும்மா சரின்னு தலையாட்டி வெச்சிருக்கேன்."

ஹாலில் நாலு பேர் சிரித்தார்கள். அக்கா பக்கம் திரும்பவே பயமாக இருந்தது. கட்டடம் திரையை விட்டுப் போகவே இல்லை. அந்தம்மா ஒரு காட்சியை எவ்வளவு நேரம் விடுவார் என்று எனக்குத்தான் தெரியுமே.

வெளியே வந்ததும் டைரக்டரம்மா அக்காவைப் பார்த்து அதிர்ந்துவிட்டார். "இவங்களைப் பத்தியா பேசினீங்க? தெரிஞ்சுதான் வெக்கச் சொன்னீங்கன்னு நினைச்சேன் அண்ணா. எடுத்துடறேன்."

"வேணாம்க்கா. நல்லாத் தெளிவா கேட்டுச்சு" என்றாள் அக்கா.

வேனில் பின்சீட்டில் போய் உட்கார்ந்தாள். மேடவாக்கம் சிக்னலில் நின்றபோது பின்னாலிருந்து ஒரு கை நீண்டது. கையில் போன். என் பதிலைப் பிடிக்க ரெக்கார்டிங் ஓடிக்கொண்டிருந்தது.

"காலேஜ் ஃபார்ம்ல அப்பா கையெழுத்துன்னு ஒரு இடம் இருக்கு. ரெண்டு வாரமா நாளைக்குங்கிறே. போடுவியா, மாட்டியா? தலையாட்டாதே. வாயைத் திறந்து சொல்லு."

"போடறேம்மா" என்றேன். வண்டியை ஓரங்கட்டி, அவள் பையிலிருந்து எடுத்து நீட்டிய ஃபார்மை ஸ்டியரிங் மேல் வைத்தே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.

இப்போது தினமும் காலேஜ் வாசலில் நான்தான் கொண்டுபோய் விடுகிறேன். பின்சீட்டில்தான் ஏறுகிறாள். அந்த ரெக்கார்டிங்கை அவள் இன்னும் அழிக்கவில்லை.