மடிப்பில் வெட்டிய பறவை

டேப்பக்காவின் கழுத்தில் இஞ்ச் டேப் தொங்காத நேரம் என்று ஒன்று உண்டென்றால் அது அவள் குளிக்கும் நேரம்தான். அதையும் அவள் கணவர் முழுசாக நம்புவதில்லை. பஸ்ஸில் பக்கத்தில் உட்காருகிறவரின் தோள் அகலத்தைக் கண்ணாலேயே எடுத்துவிடுவாள். புதிதாக யாராவது அறிமுகமானால் பெயர் மறந்துபோகும், இடுப்பளவு மறக்காது. சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவளே திரும்பிப் பார்க்க மாட்டாள். தெரிந்தவர் தெரியாதவர் எல்லோருக்கும் அவள் டேப்பக்காதான்.

கல்யாணமான புதிதில் ஒரு தார்ப்பாய்க் கடையில் தையலுக்குச் சேர்ந்தாள். லாரிக்குத் தார்ப்பாய், பைக்குக்கு உறை, கூடாரம், கடை வாசலில் வெயில் மறைப்பு. எல்லாம் சதுரம், இல்லாவிட்டால் நீள்சதுரம். மகள் வளர்ந்து வேலைக்குப் போய் வேறு வீடு பார்த்துக்கொண்டு கிளம்பிவிட்டாள். அம்மாவின் மிஷினில் மட்டும் அதே நேர்த்தையல் ஓடிக்கொண்டிருந்தது. வளைவாக எதையாவது தைக்க வேண்டும் என்று அவளுக்குக் கை பரபரக்கும். ஒருமுறை ஆசை தாங்காமல் தலையணைக்குக் கழுத்தும் இடுப்பும் வைத்துத் தைத்தாள். அதில் படுத்த கணவர் மறுநாள் தலையை ஒரு பக்கமாகவே வைத்துக்கொண்டு வேலைக்குப் போனார். அவர் லிஃப்ட் மெக்கானிக். அன்று எந்த லிஃப்டைப் பார்த்தாலும் அவருக்குச் சாய்வாகவே தெரிந்ததாம்.

மியூசியத்துக்குத் திரைச்சீலை தைக்கப் போன இடத்தில்தான் டேப்பக்காவுக்கு விடிவு பிறந்தது. கூடம் முழுக்க உயரமான ஜன்னல்கள். ஒவ்வொன்றுக்கும் வெளியே பச்சைத் துணி, உள்ளே கனமான வெள்ளைத் துணி என்று இரட்டையாகத் தைத்து மாட்டிக்கொண்டிருந்தாள். கீழே ஒரு இளம்பெண் தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தார். அவர்தான் அங்கே பறவைப் பிரிவைக் கவனிப்பவர். எல்லோரும் அவரைப் பறவை மேடம் என்பார்கள்.

"என்ன மேடம், யாராவது திட்டிட்டாங்களா?"

"கூரை திட்டிடுச்சுக்கா. இந்தக் கூடத்துல பறவைக் குடும்பம் ஒவ்வொண்ணுலயும் பெரிய பறவை எதுவோ, அதை அசல் அளவுல வைக்கணும். மீன்கொத்தியில பெருசு, கிளியில பெருசு, ஆந்தையில பெருசுன்னு. பாதிக்கு மேல கிளையோட சேர்த்துக் கூரையில தொங்கவிடணும். ஃபைபர்ல செஞ்சா வெயிட்டு அதிகம், பழைய கூரை தாங்காதுங்கறாங்க."

"துணியில தைச்சா தாங்குமா?"

பறவை மேடம் சிரித்தார். டேப்பக்கா சிரிக்கவில்லை. மேடமும் சிரிப்பை நிறுத்திவிட்டு, ஏணி மேல் நின்றவளை முதன்முறையாக ஒழுங்காகப் பார்த்தார்.

சோதனைக்குக் கொடுத்தது மீன்கொத்தியில் பெரியதான கூக்கபராவை. அது மீனைவிட ஓணானையும் பாம்பையும்தான் விரும்பித் தின்னும் என்று கேட்டு டேப்பக்கா வாய்விட்டுச் சிரித்தாள். தைத்து முடித்தபோது முதல் பறவைக்கே முகம் இப்படி வந்திருந்தது, இப்போதுதான் எதையோ தின்றுவிட்டு ஒன்றும் தெரியாததுபோல் உட்கார்ந்திருக்கிற முகம். மியூசிய இயக்குநர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கெடுபிடியான மனிதர், மூக்குக் கண்ணாடிக்கு மேலாகத்தான் உலகத்தைப் பார்ப்பார்.

"சரி, செய்யுங்க. ஆனா ஒரு பறவை சொதப்பினாலும் நிறுத்திடுவேன். கூரையில தொங்காட்டிப் போகுது, எல்லாத்தையும் தரையில நிக்கற மாதிரி செய்யச் சொல்லி ஃபைபர் கம்பெனிகிட்டயே குடுத்துடுவேன்."

தார்ப்பாய்க் கடை முதலாளி இன்னும் சுருக்கமாகச் சொன்னார். "போறதுன்னா மொத்தமா போ. உன் மிஷினுக்கு வேற ஆள் வந்தாச்சுன்னா வந்தாச்சு."

அவள் மொத்தமாகவே போனாள். படியிறங்கும்போது ஒருமுறை திரும்பித் தன் மிஷினைப் பார்த்துக்கொண்டாள். தெருமுனை திரும்பியதும் அதுவும் மறந்துபோயிற்று. பள்ளிக்கூடம் விட்ட பிள்ளை மாதிரி ஓட்டமும் நடையுமாக வந்து வீட்டு மிஷினுக்கு எண்ணெய் போட்டாள்.

அதன்பிறகு அந்த வீட்டில் மனிதர்கள் உட்கார இடமில்லை. நெருப்புக்கோழியின் கழுத்து நிற்க மாட்டேன் என்று அடம்பிடித்தது. கணவர் வயர் போகும் வளைகுழாய் ஒன்றைக் கொண்டுவந்து உள்ளே சொருகியதும் கம்பீரமாக நிமிர்ந்து அலமாரியின் மேல்தட்டை எட்டிப் பார்த்தது. பேரரசப் பென்குயினுக்கு மாதிரியாக நின்றவரும் அவர்தான்.

"அசையாதீங்க. வயிறு அப்படியே உங்க அளவு. உயரம்தான் உங்களுக்குக் கொஞ்சம் ஜாஸ்தி."

"பென்குயினுக்குச் சோறு போடுறது யாரு? நீதானே?"

பூவில் தேன் குடிக்கும் ரீங்காரச் சிட்டுக் குடும்பத்தில் பெரியது என்று ஒன்றைத் தைத்தாள். பெரியது என்றுதான் பேர், ஒரு சாண் நீளம், அவ்வளவே. கிளிகளில் கனமானதற்குப் பறக்கவே தெரியாதாம். அடுத்து ஒரு அண்டங்காக்கை. குருவி, மைனா, பாடும் பறவைகள் எல்லாம் சேர்ந்த பெருங்கூட்டத்துக்கு அதுதான் உருவத்தில் மூத்தது என்று தெரிந்ததும் கணவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டார். "பாட்டுக்காரங்க சங்கத்துக்குக் காக்கா தலைவரா! விளங்கிடும்!"

டேப்பக்காவுக்கோ ஒவ்வொன்றும் புதுசாக இருந்தது. பெரியது என்றால் ஒரே அளவு என்றுதானே இத்தனை நாள் நினைத்திருந்தாள்? சிட்டுக்கு ஒரு பெரிது, ஆந்தைக்கு ஒரு பெரிது. பாத்திரம் கழுவும்போதுகூட இதையே நினைத்துத் தனியாகச் சிரித்துக்கொண்டாள்.

கடைசியாக வந்தது ஆல்பட்ராஸ். கடல்மேல் நாள்கணக்கில் மிதந்து திரியும் பறவை. இன்று உயிரோடிருக்கிற பறவைகளில் இதைவிட நீளமாகச் சிறகு விரிப்பது வேறில்லை. இந்த நுனியிலிருந்து அந்த நுனிக்கு மூன்றரை மீட்டர். அதுவரை தைத்ததெல்லாம் சிறகை மடக்கிக்கொண்டு நின்றவை, உட்கார்ந்தவை. இது ஒன்றுதான் முழுக்க விரித்துப் பறக்கப் போகிறது. அளவைக் கேட்டதிலிருந்து அவளுக்கு இருப்புக் கொள்ளவில்லை. உடம்பைத் தனியாகத் தைத்து முடித்தாள். வெள்ளைத் துணியைத் தரையில் இரண்டாக மடித்துப் போட்டாள், சாக்கட்டியால் கோடு இழுத்தாள், கத்திரியை ஓடவிட்டாள். துணிச்சுருள் ஒரேயடியாகக் காலியானபோதுகூட சந்தேகம் வரவில்லை. "பாத்தீங்களா, எவ்வளவு துணி சாப்பிடுது!" என்று பெருமைப்பட்டுக்கொண்டாள். அவர்கள் வீட்டு அறை சின்னது. லாரித் தார்ப்பாய் தைக்கிற மாதிரி, தைக்கத் தைக்கச் சுருட்டி மடியில் வைத்துக்கொண்டே இறகுகளை வரிசையாக அடுக்கித் தைத்தாள். முழுசாக விரித்துப் பார்க்க இடமும் இல்லை, பொறுமையும் இல்லை.

திறப்பு விழாவுக்கு இரண்டு நாள் முன்பு, காலையில், சுருட்டிய சிறகைக் கூடத்துக்குக் கொண்டுபோனார்கள். கூடாரக் கம்பிகளை ஒன்றோடொன்று பொருத்திச் சிறகின் உள்ளறையில் சொருகுவது கணவரின் வேலை. ஒரு பக்கம் சொருகிக்கொண்டே போனார். கம்பி தீர்ந்துவிட்டது.

"ஏம்மா, இது எங்கதான் முடியுது?"

"நல்லா தள்ளுங்க, மடங்கியிருக்கும்."

"தள்ளுறதுக்குக் கம்பி வேணுமே!"

இன்னொரு கட்டு கம்பி வந்தது. இரண்டு பேரும் ஆளுக்கொரு நுனியைப் பிடித்துக்கொண்டு பின்னால் நடந்தார்கள். நடந்தார்கள், இன்னும் நடந்தார்கள். அவள் முதுகு ஒரு சுவரில் இடித்தது. எதிரே கணவர் ரொம்பத் தூரத்தில் தெரிந்தார். நடுவில் தரையில் கிடந்த ஆல்பட்ராஸின் உடம்பு, அப்பா சட்டையைப் போட்டுக்கொண்ட குழந்தை மாதிரி இருந்தது.

அவள் நுனியைப் போட்டுவிட்டு நடுமடிப்புக்கு ஓடினாள். புரிந்துவிட்டது. துணியை இரண்டாக மடித்து வெட்டினால் பாதி அளவைத்தான் குறிக்க வேண்டும், விரிக்கும்போது அது முழுசாகும். அவள் மடிப்பிலிருந்தே மூன்றரை மீட்டரையும் குறித்திருக்கிறாள். தையல் பழகுகிறவர்கள் முதல் சட்டையில் செய்து திட்டு வாங்குகிற தப்பு. இத்தனை காலம் கழித்து, இந்தப் பறவையிலா அது வர வேண்டும்? துணியும் இல்லை. அந்த வெள்ளை இனி அடுத்த மாதம்தான் வருமாம்.

வாசலில் செருப்புச் சத்தம். இயக்குநர் உள்ளே வந்தார், பின்னாலேயே பறவை மேடம். இயக்குநர் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார், அப்புறம் கண்ணாடியைக் கழற்றிவிட்டே பார்த்தார்.

"அடேயப்பா! இதுதான் ஆல்பட்ராஸா? பிரமாதம்! உடம்புதான் கொஞ்சம் சின்னதா தெரியுது, பரவாயில்ல. ஏத்திடுங்க."

பறவை மேடத்தின் முகம் வெளுத்துப்போனது. அவர் டேப்பக்காவையே பார்த்தார். கணவரும் பார்த்தார். ஒரு தலையசைப்பு போதும், சிறகு மேலே ஏறிவிடும். எத்தனை பேர் ஏணி போட்டு அளக்கப் போகிறார்கள்? தார்ப்பாய்க் கடையின் அந்த நீள்சதுரங்கள் எல்லாம் அவள் கண்முன் வரிசையாக வந்து நின்றன. ஆனால் கழுத்தில் தொங்கிய டேப் கனத்தது. தப்பான அளவைச் சரி என்று சொல்லி அவள் யாருக்கும் எதையும் கொடுத்ததில்லை.

"இது ஆல்பட்ராஸ் இல்ல சார்," என்றாள். குரல் அவளுக்கே கேட்கவில்லை. மறுபடி சத்தமாகச் சொன்னாள். "தப்பு பண்ணிட்டேன். மடிப்புல பாதியாக்காம வெட்டிட்டேன். ரெண்டு மடங்கு வந்துடுச்சு."

இயக்குநர் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "அன்னைக்கே சொன்னேன் இல்லையா? எல்லாத்தையும் எடுத்துடுங்க. நான் ஃபைபர் கம்பெனிக்குப் பேசறேன்."

"சார், ஒரு நிமிஷம்!" பறவை மேடம் ஓடிவந்து டேப்பக்காவின் கழுத்திலிருந்தே டேப்பை உருவினார். தரையில் முட்டி போட்டுக்கொண்டு நுனியிலிருந்து நுனிக்கு அளந்துகொண்டே போனார். போகப் போக அவருக்குச் சிரிப்பு பொங்கியது. கடைசியில் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"ஏழு மீட்டர்! அக்கா, இது பறந்திருக்கு! நிஜமா பறந்திருக்கு!"

"என்ன மேடம் சொல்றீங்க?"

"இரண்டரைக் கோடி வருஷத்துக்கு முன்னாடி. ஆல்பட்ராஸ் மாதிரியே கடல் மேல பறந்த ஒரு பறவை. இதுவரைக்கும் எலும்பு கிடைச்சதுலயே பெரிய சிறகு அதுக்குத்தான். ஆறுலேர்ந்து ஏழு மீட்டருக்கு மேல வரைக்கும் இருக்கும்னு கணக்குப் போட்டிருக்காங்க. அலகு ஓரமா பல்லு மாதிரி எலும்பு முள்ளு வேற இருக்கும்!"

"பறவைக்குப் பல்லா!" டேப்பக்கா இருந்த பயத்தையெல்லாம் மறந்து கத்தினாள். "என்ன கலர் மேடம்?"

"யாருக்கும் தெரியாதுக்கா!"

"அப்போ வெள்ளைதான்!"

இயக்குநர் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். சிரிக்கக் கூடாது என்று முடிவு செய்தவர்போல் உதட்டை இறுக்கிக்கொண்டார். "இது உயிரோட இருக்கற பறவைகளோட கூடம். பழைய பறவை வரட்டும், வேண்டாங்கல. ஆனா பக்கத்துல ஆல்பட்ராஸ் இருக்கணும். சரியான அளவுல. திறப்பு அன்னைக்கு. இல்லைன்னா ரெண்டும் வேண்டாம்." சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

பல் வைத்த பறவைக்குப் புது உடம்பு, ஆல்பட்ராஸுக்குப் புதுச் சிறகு. கூடத்தில் ஒரு முழம் வெள்ளைத் துணி கிடையாது. டேப்பக்கா நாலு பக்கமும் பார்த்தாள். அப்புறம் ஜன்னல்களைப் பார்த்தாள். அவள் கையால் தைத்து மாட்டிய திரைகள். பச்சைக்கு உள்ளே கனமான, பளிச்சென்ற வெள்ளை.

"ஏங்க, ஏணியக் கொண்டாங்க," என்றாள்.

மிஷினைக் கூடத்துக்கே தூக்கி வந்தார் கணவர். இந்த முறை துணியை முழுசாகத் தரையில் விரித்தாள். மடிப்பில் பாதியைக் குறித்தாள். கணவரை அளக்கச் சொன்னாள், மேடத்தை அளக்கச் சொன்னாள், அப்புறம் தானும் ஒருமுறை அளந்தாள். இவ்வளவு பெரிய தரையில் அவள் இதற்குமுன் தைத்ததே இல்லை. துணி போகிற திசைக்கெல்லாம் அவளும் தவழ்ந்து போனாள். முட்டி தேய்ந்தாலும் வாயில் பாட்டுதான்.

திறப்பு அன்று காலை இயக்குநர் கதவைத் திறந்தவர் வாசலிலேயே நின்றுவிட்டார். கூடம் முழுக்க வெயில் கொட்டிக்கொண்டிருந்தது.

"ஜன்னல் திரையெல்லாம் எங்க?"

டேப்பக்கா விரலை மேலே நீட்டினாள். "அதோ பறக்குது சார்."

அவர் அண்ணாந்து பார்த்தார். ஆல்பட்ராஸ் மூன்றரை மீட்டர் சிறகை விரித்துக்கொண்டு நிதானமாகத் தொங்கியது. அதற்கும் மேலே, சுவருக்குச் சுவர், அந்தப் பழைய பறவை. ஜன்னல் வெயிலில் அதன் நிழல் எதிர்ச்சுவரில் ஏறி, தரையில் இறங்கி, இயக்குநரின் காலைத் தாண்டிப் படிக்கட்டு வரைக்கும் கிடந்தது. திரை இருந்திருந்தால் அந்த நிழல் விழுந்திருக்காது. உள்ளே நுழைந்த முதல் குடும்பம் அதை மிதிக்கத் தயங்கி ஓரமாக நடந்தது. ஒரு குழந்தை மட்டும் ஒரு சிறகு நுனியிலிருந்து மறு நுனிக்கு ஓடியது. மூச்சிரைக்கத் திரும்பவும் ஓடியது. டேப்பக்காவுக்கும் கூடவே ஓட வேண்டும் போலிருந்தது. கண்ணில் நீர் கட்டிக்கொண்டது, சந்தோஷத்தில்தான்.

இயக்குநர் தொண்டையைச் செருமினார். "திரையைத் திரும்பத் தைச்சுக் குடுங்க. அவசரமில்ல. அப்புறம், இதுவரைக்கும் இருந்த பறவையிலயே பெருசு யானைப்பறவைங்கறாங்க. மூணு மீட்டர் உயரமாம். முடியுமா?"

"முடியும் சார். ஆனா எங்க வீட்டு ரூம்ல முடியாது. துணியை விரிச்சுத் தைக்கணும். இந்தக் கூடத்துல அந்த மூலை எனக்கு வேணும்."

அவள் இதுவரை யாரிடமும் இப்படி ஒரு இடத்தைக் கேட்டதில்லை. இயக்குநர் அந்த மூலையைப் பார்த்தார். "எவ்வளவு வேணும்?"

டேப்பக்கா கழுத்திலிருந்து டேப்பை எடுத்தாள். ஒரு நுனியைக் கணவர் கையில் கொடுத்துவிட்டு அளக்க ஆரம்பித்தாள்.

"முழு அளவு சொல்லும்மா," என்றார் கணவர். "பாதியச் சொல்லி வச்சிடாத."