பாலத்துக் கல்லில் பூசிய தார்

மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பார்கள். எனக்கு அது பெருமையாக இருந்தது. யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் வேண்டுமானாலும் திருத்தலாம் என்கிற இணையக் கலைக்களஞ்சியத்தில் நான் நிர்வாகி. சம்பளம் கிடையாது. பகலில் புதுக்கோட்டையில் ஒரு கல்லூரி நூலகத்தில் வேலை. சாயங்காலம் வந்தால், கட்சிக்காரர்கள் எழுதிவைக்கும் புகழ்ச்சியையும் வசவையும் அழிக்கிற வேலை. இந்தக் கட்சிக்காரர் என்னை அந்தக் கட்சியின் கைக்கூலி என்பார். அந்தக் கட்சிக்காரர் இந்தக் கட்சியின் அடிவருடி என்பார். இரண்டும் ஒரே நாளில் வந்தால் அன்றைக்கு நன்றாகச் சாப்பிடுவேன்.

என்னை இதில் இழுத்துவிட்டவன் என் நண்பன். கறம்பக்குடிப் பக்கம் ஒரு கிராமம், அரசுப் பள்ளியில் கணக்கு வாத்தியார். ஞாயிற்றுக்கிழமைகளில் பைக்கை எடுத்துக்கொண்டு போய்ப் படம் எடுத்து, ஊர் ஊராகக் கட்டுரை எழுதுவோம். நார்த்தாமலைக் கோயில் கட்டுரையில் பாதி அவன் எழுதியது, பாதி நான். கல்வெட்டுச் செய்தி ஒவ்வொன்றுக்கும் புத்தகம் தேடி ஆதாரம் போட்டோம்.

வினை வந்தது அவன் சொந்த ஊர்க் கட்டுரையில். அந்த ஊருக்குள் போக ஒரு காட்டாற்றைத் தாண்ட வேண்டும். அதில் பாலம் வந்தது தன் அப்பாவின் பல வருடப் போராட்டத்தால் என்று அவன் இரண்டு வரி சேர்த்தான். அப்பா அங்கே ஒரு கட்சியின் கிளைச் செயலாளராக இருந்தவர். ஒரு வாரத்தில் முகம் தெரியாத யாரோ அதை அழித்து, பாலம் எதிர்க்கட்சி எம்.எல்.ஏ. கொண்டுவந்தது என்று மாற்றினார். இவன் திருப்பிப் போட்டான். அவர் திரும்ப அழித்தார். ஒரே நாளில் ஏழெட்டுத் தடவை. கடைசியில் பஞ்சாயத்து என்னிடம் வந்தது.

"ஆதாரம் இருக்கா?" என்று போனில் கேட்டேன்.

ஒரு படம் அனுப்பினான். பாலத்துத் திறப்புவிழாக் கல். கீழ் வரிசையில் அவன் அப்பா பெயர். ஆட்சி மாறியதும் யாரோ அந்தப் பெயர்மேல் தார் பூசியிருந்தார்கள். உற்றுப் பார்த்தால் எழுத்து தெரிந்தது.

"கட்சிக்காரங்க நட்ட கல்லுடா இது. நடுநிலையான ஆதாரம் ஆகாது."

"நார்த்தாமலையில ராசா வச்ச கல்லு மட்டும் ஆகுமோ?"

"அதை ஆராய்ச்சி பண்ணிப் புத்தகமாப் போட்டுருக்காங்கடா."

"அப்ப எங்கப்பா பேரைப் படிக்க ஆயிரம் வருசம் ஆகணும்ங்கிற."

நான் சிரித்தேன். அவன் சிரிக்கவில்லை. அன்று மாலையே இரண்டு தரப்பு வரிகளையும் நீக்கிவிட்டு, 'இங்கு ஒரு பாலம் உள்ளது' என்று எழுதி, இனி யாரும் திருத்த முடியாதபடி பக்கத்தைப் பூட்டினேன். காரணம் கேட்கிற கட்டத்தில் 'நடுநிலை' என்று ஒரு சொல் போட்டேன்.

இதில் மறைக்க ஒன்றுமில்லை, எனக்கு உண்மை தெரியும். அவன் வீட்டில் எத்தனையோ நாள் சாப்பிட்டிருக்கிறேன். வெள்ளத்தில், பிரசவ வலியில் துடித்த ஒரு பெண்ணைக் கட்டிலோடு தூக்கிக்கொண்டு ஆற்றில் இறங்கியதையும், அதற்கப்புறம் சாலை மறியல் செய்து பதினைந்து நாள் ஜெயிலில் இருந்ததையும் அவன் அப்பாவே சொல்லக் கேட்டிருக்கிறேன். ஊரே சாட்சி. முகம் தெரியாத ஒருவருக்காக இருந்தால் பொறுமையாக ஒரு பழைய பேப்பரையாவது தேடியிருப்பேன். நூலகத்தில் இருப்பவனுக்கு அது பெரிய வேலையா? நண்பன் என்பதால் விட்டுக்கொடுத்தான் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது. எனக்கு அந்தப் பயம்தான் பெரிதாக இருந்தது.

அவன் அதற்கப்புறம் ஒரு வரிகூட எழுதவில்லை. போனும் இல்லை. நானாக ஒருநாள் கூப்பிட்டேன், எடுக்கவில்லை. கோபம் தணியட்டும் என்று விட்டுவிட்டேன். ஏழு மாதம் கழித்து ஒரு காலையில் அவன் வாட்ஸ்அப்பில் அப்பாவின் படம், மாலை போட்டு.

பஸ் பிடித்துப் போனேன். ஐஸ் பெட்டியின்மேல் கட்சிக்கொடி போர்த்தியிருந்தது. துக்க வீட்டில் 'வாங்க' என்று சொல்லும் வழக்கம் இல்லை. அவன் கையை நீட்டினான், பிடித்துக்கொண்டேன். அவன் அம்மாதான் என்னைப் பார்த்ததும் அழுதபடி பேசினார்.

"தம்பி, நீங்க ரெண்டு பேரும் போன்ல எழுதுனீங்கள்ல, அதைத் தெனம் படிக்கச் சொல்லிக் கேப்பாக. கண்ணு தெரியலையே, இவன்தான் படிப்பான். முந்தாநாளு காலையில கூடப் படிச்சான். கேட்டுட்டு, 'இனிமே ஒரு பயலும் இதுல தார் பூச முடியாது'ன்னு சொன்னாக. நீங்க நல்லா இருக்கணும்யா."

அவனைப் பார்த்தேன். அவன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். இல்லாத அந்த இரண்டு வரியை, ஏழு மாதமாக, தினமும், வெறும் போனைக் கையில் பிடித்துக்கொண்டு அவன் படித்திருக்கிறான். அம்மாவிடம்கூட என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. மன்னித்துவிடுடா என்று அங்கேயே சொல்லியிருக்கலாம். கூட்டத்தில் எப்படிச் சொல்வது என்று நின்றேன்.

துக்க வீட்டிலிருந்து போய்வருகிறேன் என்று சொல்லிக்கொண்டும் கிளம்பக் கூடாது. சொல்லாமல்தான் கிளம்பினேன். பஸ்ஸுக்கு அந்தப் பாலத்தின் மேல்தான் நடந்து வர வேண்டும். கல் அப்படியே இருந்தது, தார் வெயிலில் வெடித்திருந்தது. அங்கேயே நின்று, போனில் அந்தப் பக்கத்தின் பூட்டைத் திறந்து, அவன் எழுதிய இரண்டு வரியையும் பழையபடி அடித்தேன். சேமிக்கப் போகும்போது, எப்போதும்போல, ஆதாரம் என்ன என்று கேட்டது.

ஆதாரம் அந்த வீட்டில், ஐஸ் பெட்டிக்குள் படுத்திருந்தார்.