தூங்காத விரல்

ஜெர்மனியின் எசன் நகரில் படித்தபோது நான் ஒத்தாசை செய்த சிறு திரையரங்குக்கு அந்த ஜப்பானிய இயக்குநர் வந்தார். சொந்தக் காசில் எடுத்த ஏழாவது படத்தின் பெட்டியைத் தானே சுமந்து வந்தார். கசங்கிய கோட்டு, சிவந்த கண்கள். வசனங்களின் ஜெர்மன் மொழிபெயர்ப்பைப் படத்தில் பதிக்க வசதியில்லை. அதனால் கடைசி வரிசையில் மடிக்கணினியோடு உட்கார்ந்து, பொத்தானை அழுத்தி வரிவரியாகத் திரைக்குக் கீழே காட்டுவார்.

"ஆறு பேர்தான் வந்திருக்கினம் தம்பி," என்றார் டிக்கெட் கிழிக்கும் ஈழத்து அண்ணை.

படம் தொடங்கியது. இயக்குநரின் பக்கத்தில் உட்கார்ந்தேன். "அடுத்த படம் எப்போது சார்?" என்று ஆங்கிலத்தில் கிசுகிசுத்தேன்.

"முதலில் தூக்கம்," என்று கணினியை என் மடியில் வைத்தார். "நீ அழுத்து."

"எனக்கு ஜப்பானிய மொழி தெரியாதே!"

குறட்டைதான் பதில். ஆனால் முழங்கால்மேல் அவர் விரல் தட்டியது. திரையில் ஒருத்தி பேசத் தொடங்கினாள். அழுத்தினேன். கடைசிவரை அந்த விரலைப் பார்த்தே அழுத்தினேன். ஒரு வரிகூடப் பிசகவில்லை.

ஆசைப்பட்டு வந்த படத்தை நான் பார்க்கவேயில்லை. அவர் தூங்கினாரா என்பதும் தெரியவில்லை.